வந்தவங்க பாஷை

நான் கோவக்காரி. அதை முதல்லயே சொல்லிட்டா நல்லது. இவ்வளவு வருஷம் கழிச்சும் இந்தம்மாவுக்கு என்னா இவ்வளவு கோவம்னு பின்னால யாரும் கேக்க வேணாம். கேட்டாலும் எனக்கு ஒண்ணும் இல்ல, கேட்டுட்டுப் போகட்டும்.

புத்தூருக்கும் நகரிக்கும் நடுவுல, மெயின் ரோட்டுல பஸ்ஸை விட்டு எறங்கி ஒரு மைல் நடந்தா எங்க ஊர் வரும். நான் வாக்கப்பட்டு வந்த ஊர். எங்க வீட்டுக்காரர் வேர்க்கடலையும் கரும்பும் பயிர் வெச்சவர். நான் அந்த ஊர்ப் பள்ளிக்கூடத்துல தமிழ் வகுப்புக்கு டீச்சர். பள்ளிக்கூடம்னா ஒரே கூடம்தான், நடுவுல ஒரு மூங்கில் தட்டி. இந்தப் பக்கம் தமிழ்ப் பிள்ளைங்க, அந்தப் பக்கம் தெலுங்குப் பிள்ளைங்க. ரெண்டு பக்கமும் ஒரே நேரத்துல வாய்ப்பாடு சொன்னா ஹெட்மாஸ்டர் காதைப் பொத்திக்கினு வெளிய போய் நிப்பாரு.

ஆந்திரா தனி ராஜ்ஜியமாப் பிரிஞ்சு ரெண்டு மூணு வருஷம் ஆகியிருந்துது. எங்க ஜில்லா அந்தப் பக்கம் போயிடுச்சு, ஆனா எல்லை முடிவாகல. எந்தெந்த ஊர் மெட்ராஸோட சேரும், எது இங்கயே நிக்கும்னு டீக்கடை டீக்கடையாப் பேசிக்கினு இருந்தாங்க. எனக்கு அந்த அரசியல்ல எல்லாம் பெரிசா அக்கறை இல்ல. என் கவலை ஒண்ணே ஒண்ணு, தட்டிக்கு இந்தப் பக்கம் இருக்கற வகுப்பு. வகுப்புக்குப் பத்துப் பிள்ளைக்குக் கொறஞ்சா மூடிடுவாங்க. மூடினா என் மகளுக்குத் தமிழ் எழுத்து கெடையாது, எனக்கு அந்த ஊர்ல வேலை கெடையாது. எங்க வகுப்புல இருபத்தஞ்சு பிள்ளைங்க இருந்தாங்க. அதனால நிம்மதியாத்தான் இருந்தேன்.

இப்ப எங்க தெருவோட வழக்கம் ஒண்ணைச் சொல்லியாகணும். நாங்க தமிழ். திட்டறது, அழறது, சாமி கும்பிடறது எல்லாம் தமிழ்லதான். ஆனா தெலுங்கு பேசறவங்க ஒருத்தர் வாசப்படி ஏறிட்டா வீடு மொத்தமும் தெலுங்குக்கு மாறிடும். பத்துப் பேர் இருந்தாலும் அந்த ஒருத்தருக்காக. அடுப்பங்கரையில ரெண்டு பொம்பளைங்க "உப்புப் போட்டியா"ன்னு கேட்டுக்கறதுகூட தெலுங்குலதான் நடக்கும். வந்தவங்களுக்குப் புரியாத பாஷையில அவங்க காதுபடப் பேசக் கூடாது, அவங்களைப் பத்தி ஏதோ சொல்றோம்னு நெனச்சிப்பாங்க, மனசு கூசும். இதுதான் காரணம். நான் வேலூர்ப் பக்கம் பொறந்தவ, வந்த புதுசுல எனக்குத் தெலுங்குல ஒரு வார்த்தை தெரியாது. என் மாமியார்தான் ஒக்காத்தி வெச்சிக் கத்துக் குடுத்தாங்க. "கத்துக்கோம்மா, இல்லன்னா வந்தவங்க எதிர்ல ஊமையாட்டம் நிப்ப"ன்னாங்க. எனக்கு அந்த வழக்கம் ரொம்பப் பிடிச்சிப் போச்சு. எங்க பொறந்த வீட்டுல எல்லாம் அப்படி இல்ல. வந்தவன் முழிச்சிக்கினு ஒக்காந்திருப்பான், நாங்க பாட்டுக்குப் பேசிக்கினு இருப்போம்.

அவ வந்தது ஒரு ஐப்பசி மாசம், மழையில. தெலுங்கு வகுப்புக்குப் புது டீச்சர். நாயுடுபேட்டைப் பக்கத்துல சொந்த ஊர். இருபத்திரண்டு வயசு இருக்கும். கையில ஒரு தகரப் பெட்டி, தோள்ல நனைஞ்ச பை. கல்யாணமாகி ஆறு மாசம், புருஷன் அந்தப் பக்கம் ஒரு பள்ளிக்கூடத்துல வாத்தியார். இவளை மட்டும் இங்க போட்டுட்டாங்க. தனியா வந்த பொண்ணுக்கு யார் வீடு குடுப்பாங்க? மூணு வீட்டுல கேட்டுப் பாத்துட்டுப் பள்ளிக்கூடத்து வாசல்ல வந்து நின்னா. எனக்குப் பாவமாப் போச்சு. எங்க வீட்டுல கடலை மூட்டை அடுக்கற அறை ஒண்ணு இருந்துது. மூட்டையை எல்லாம் கூடத்துக்கு இழுத்துப் போட்டுட்டு அந்த அறையை அவளுக்குக் குடுத்தேன். எங்க வீட்டுக்காரர் நாலு நாள் மூட்டை மேல தடுக்கி விழுந்துக்கினு மொணமொணத்தாரு. நான் கண்டுக்கல.

முதல் நாள் சாப்பாட்டுல ஒக்காந்தவ சோத்தைப் பெசஞ்சிக்கினே இருந்தா, வாயில வெக்கல. கண்ணுல தண்ணி. என்னன்னு கேட்டா சொல்ல மாட்டேங்கறா. எங்க அத்தை, என் மாமியார்தான் கண்டுபிடிச்சாங்க. அவங்க ஊர்ல முதல் சோத்துக்கு நெய்யும் பருப்புப் பொடியும் போட்டுத்தான் துன்னுவாங்களாம். மறுநாள் அத்தை துவரம்பருப்பை வறுத்து, மொளகாயும் பூண்டும் சேத்து ஒரலுல இடிச்சி, ஒரு ஜாடி நெறைய வெச்சாங்க. அவளுக்குன்னே தனியா. அதுக்கப்புறம் அந்த ஜாடி காலியாகி நான் பாத்ததில்ல.

அவளும் நானும் ஒரே வீட்டுல இருந்த ஒண்ணரை வருஷமும் எங்க வீடு தெலுங்கு வீடாத்தான் இருந்துது. பின்ன? வந்தவ வீட்டுக்குள்ளயே இருக்கறாளே, எப்பத்தான் தமிழ் பேசறது? நானும் வீட்டுக்காரரும் சண்டை போடணும்னா கொல்லைப்பக்கம் போய்ச் சண்டை போட்டோம். தெருவே அவளுக்குத் தெலுங்குல பேசுச்சு. என் மக அவளைப் "பின்னி"ன்னு கூப்பிட்டா. பின்னின்னா தெலுங்குல சித்தி. நான்தான் சொல்லிக் குடுத்தேன். அவ தமிழ் கத்துக்கறேன் அக்கான்னு ரெண்டொரு தடவை கேட்டா. "உனக்கு எதுக்கும்மா அந்தக் கஷ்டம், எங்களுக்குத்தான் தெலுங்கு வருதே"ன்னுட்டேன். எவ்வளவு பெருமை எனக்கு!

ஒரு தடவை எல்லாரும் சேந்து திருப்பதி மலை ஏறினோம். நடந்துதான். வழியில ஒரு அம்மா அவளைப் பாத்து எந்த ஊர்னு கேட்டாங்க. அவ நாயுடுபேட்டைன்னு சொல்லல, எங்க ஊர்ப் பேரைச் சொன்னா. எனக்கு அப்படியே நெஞ்சு நெறைஞ்சி போச்சு. அவ கையைப் பிடிச்சிக்கினு, "இது உன் ஊர்தான், உன் வீடுதான், யாரு என்ன சொன்னாலும்"னு சொன்னேன். பொய்யில்ல, மனசாரச் சொன்னேன்.

அவ வந்து ரெண்டாவது கோடையில மேல இருந்து ஒரு ஃபாரம் வந்துது. வீடு வீடாப் போய்ப் பிள்ளைங்களோட தாய்மொழி என்னன்னு எழுதிக்கினு வரணும். ஹெட்மாஸ்டர் அந்த வேலையை அவகிட்டக் குடுத்தாரு, கையெழுத்து அழகா இருக்கும்னு. அவளுக்குத் தெருவுல நாய் பயம். "அக்கா, கூட வாங்க"ன்னா. நானும் போனேன். போனது மட்டுமில்ல, ஒவ்வொரு வாசல்லயும் நின்னு நானே சொன்னேன், "இவளுக்குத் தமிழ் வராது, பாவம், தெலுங்குலயே பதில் சொல்லுங்க"ன்னு. இந்த வாயாலதான் சொன்னேன். சொல்லிட்டு அந்தந்த வீட்டுப் பொம்பளைங்களோட அடுப்பங்கரைக்குப் போய்க் கதை பேசப் போயிட்டேன்.

ஒரு மாசம் கழிச்சி ஹெட்மாஸ்டர் என்னைக் கூப்பிட்டாரு. மேசை மேல அந்தப் பட்டியலோட நகல். தமிழ் வகுப்புக்கு ஆறு பிள்ளைங்கதான் இருக்கறாங்களாம், வகுப்பை எடுத்துடப் போறாங்களாம், என்னைத் திருத்தணிப் பக்கம் மாத்தப் போறாங்களாம். என்ன சார் வெளையாடறீங்களான்னு கேட்டுட்டுப் பட்டியலைப் பிடுங்கிப் பாத்தேன். நெசவுக்காரர் வீட்டு மூணு பிள்ளைங்க, தெலுங்கு. எதிர்வீடு, தெலுங்கு. கோடி வீடு, தெலுங்கு. நான் அரிச்சுவடி கத்துக் குடுத்த பிள்ளைங்க முக்கால்வாசியும் தெலுங்கு. கீழ வந்தேன். என் வீட்டுக்காரர் பேர், பக்கத்துல என் மக பேர், அதுக்குப் பக்கத்துல அந்த அழகான கையெழுத்துல, தெலுங்கு.

ஓடினேன் ஒவ்வொரு வீட்டுக்கும். "அடப்பாவிங்களா, தெலுங்குன்னா சொன்னீங்க?" இல்லவே இல்லையாம். அவ தெலுங்குல, "தெலுங்குன்னு போட்டுக்கலாமா, உங்களுக்கு ஒண்ணும் கஷ்டம் இல்லையே"ன்னு கேட்டாளாம். இவங்களும் "பரவாலேதம்மா"ன்னாங்களாம். பரவால்லம்மா! வீடு தேடி வந்த பொண்ணு மொகத்துக்கு நேரா, உன் பாஷை எங்களுக்கு வேணாம்னு எப்படி டீச்சர் சொல்றதுன்னு என்னையே கேக்கறாங்க. எங்க வீட்டுல யார் பதில் சொன்னதுன்னு பாத்தா, எங்க அத்தை. அவங்களும் அதேதான் சொல்லியிருக்காங்க.

அவகிட்டக் கேட்டேன். "தப்பாயிடுச்சா அக்கா? அவங்க சொன்னதைத்தானே எழுதினேன்"னு கண்ணைக் கசக்கினா. நானும் நம்பினேன். விசாரணை வெக்கச் சொல்லி மனு எழுதினோம். மனுவை நல்ல காகிதத்துல எழுதிக் குடுத்ததே அவதான்னா பாத்துக்கோங்க.

சித்தூர்ல இருந்து அதிகாரி ஒருத்தர் வந்தாரு. நல்ல மனுஷன், குத்தம் சொல்ல மாட்டேன். பள்ளிக்கூடத்துப் புங்க மரத்தடியில நாற்காலி போட்டோம், எங்க வீட்டு நாற்காலி. மோர் கொண்டாந்து குடுத்தோம், எங்க வீட்டு மோர். ஊரே கூடி நின்னுது. எனக்கு நம்பிக்கை இருந்துது. இருபத்தஞ்சு பிள்ளைங்களோட அப்பா அம்மாவும் நிக்கறாங்க, ஆளுக்கொரு வார்த்தை சொன்னாப் போதும், பட்டியலைக் கிழிச்சிப் போட்டுடுவாரு.

அவருக்குத் தமிழ் தெரியாது. வீட்டுல என்ன பாஷைன்னு தெலுங்குல கேட்டாரு. நெசவுக்காரர் துண்டை இடுப்புல கட்டிக்கினு, சுத்தமான தெலுங்குல, "ரெண்டும் ஒண்ணுதாங்க, எதுன்னாலும் பரவால்லீங்க"ன்னாரு. அடுத்தவரும் அதேதான். அதுக்கு அடுத்தவரும். எனக்குப் பல்லைக் கடிக்கணும் போல இருந்துது. எங்க வீட்டுக்காரர் முறை வந்துது. நான் அவரையே முறைச்சிப் பாக்கறேன். அவர் என்னைப் பாக்கல. அதிகாரியைப் பாத்துச் சிரிச்சிக்கினே, "எங்களுக்கு வித்தியாசம் இல்லீங்க, சார்"னு தெலுங்குல சொன்னாரு. கட்டின புருஷன்! தாலி கட்டினவர் அப்படிச் சொன்னா ஊர்க்காரங்களை நான் என்னன்னு கேக்கறது?

நான் முன்னால போனேன். தமிழ்லதான் பேசினேன். தெலுங்குல பேசினா, பாத்தியா இவளும் தெலுங்குதான்னு ஆயிடுமே. "ஐயா, இவங்க உங்களுக்காகத் தெலுங்கு பேசறாங்க. நீங்க எங்க வீட்டுக்கு வந்தவரு, அதனால. நீங்க அந்தாண்ட போனதும் மறைஞ்சி நின்னு கேட்டுப் பாருங்க, ஒரு வீட்டுல தெலுங்கு இருக்காது. இந்தப் பிள்ளைங்க அம்மாகிட்ட அழற பாஷையை எடுத்துடாதீங்க"ன்னு சொன்னேன். அவருக்குப் புரியல. சுத்திப் பாத்தாரு. அவ முன்னால வந்தா, நான் சொல்றேன் சார்னு. பிள்ளைங்ககிட்ட இருந்து ரெண்டு வார்த்தை காதுல விழுந்திருக்கும்னு நெனச்சேன்.

சொன்னா. தலையைக் குனிஞ்சிக்கினு, மெதுவா, தெலுங்குல சொன்னா. "வேலை போயிடும்னு அக்கா பயப்படறாங்க சார். ஊரை விட்டுப் போகக் கஷ்டமா இருக்குதாம்."

அவ்வளவுதான். நான் சொன்னதுல ஒரு வார்த்தை இல்ல. எனக்கு வந்த கோவத்துல கண்ணு இருட்டிக்கினு வந்துது. "நான் அப்படிச் சொல்லல! பொய் சொல்றா இவ!"ன்னு கத்தினேன். கத்தினது தெலுங்குல. நான் முன்ன தமிழ்ல சொன்னது அத்தனையும் மடமடன்னு தெலுங்குல கொட்டித் தீத்தேன், ஒரு தடுமாத்தம் இல்லாம. அவர் முழுசாக் கேட்டுக்கினாரு. கேட்டுட்டு அன்பாத்தான் சொன்னாரு, "இவ்வளவு நல்லாத் தெலுங்கு பேசறீங்களேம்மா. அப்புறம் உங்க பிள்ளைங்களுக்கு என்ன கஷ்டம்?"

கூட்டத்துல நாலு பேர் சிரிச்சாங்க. எங்க வீட்டுக்காரரும் சிரிச்சாரு.

வீட்டுக்கு வந்தும் அவர் அவளுக்காகத்தான் பேசினாரு. "அவளுக்குத் தமிழ் அரைகுறை. நீ படபடன்னு பேசினா அவ என்னா பண்ணுவா? புரிஞ்ச வரைக்கும் சொன்னா." எனக்கும் அப்படித்தான் இருக்கணும்னு ஆசை. புரியாமத்தான் சொல்லியிருப்பா, வேற என்னன்னு மனசை சமாதானம் பண்ணிக்கினு அடுப்பைப் பத்த வெச்சேன்.

சாயந்திரம் அவ எப்பவும் போல அடுப்பங்கரைக்கு வந்து மணையைப் போட்டு ஒக்காந்தா. நான் காபி கலந்து குடுத்தேன். அவ டம்ளரை வாங்கிக்கினு என் மொகத்தைப் பாத்தா. "என்னாக்கா, எம்மேல கோவமா கீறீங்களா?"ன்னா.

தமிழ்ல. எங்க தெருத் தமிழ்ல, எங்க அத்தை பேசற மாதிரியே. ஒண்ணரை வருஷத்துல அவ வாயில இருந்து நான் கேட்ட முதல் தமிழ் அதுதான். நான் சமாதானம் சொல்லிக்க வெச்சிருந்த ஒரே காரணமும் அதோட போச்சு.

"எப்பக் கத்துக்கின?"ன்னேன்.

"கொல்லைப்பக்கம் நீங்க ரெண்டு பேரும் சண்டை போடறப்ப என் சன்னலுக்கு நல்லாக் கேக்கும் அக்கா"ன்னா.

"அப்ப மரத்தடியில நான் சொன்னது உனக்குப் புரிஞ்சிது."

"புரிஞ்சிது."

"தெலுங்குன்னு எழுதினப்ப இந்தத் தெருவே தமிழ்னு உனக்குத் தெரியும். என் மக தமிழ்னு தெரியும்."

"நான் பொய் எழுதல அக்கா, அவங்க சரின்னு சொன்னாங்க."

"வா காணிப்பாக்கத்துக்கு, பிள்ளையார் எதிர்ல முழுகிட்டு வந்து சத்தியம் பண்ணு"ன்னு நான் கத்தினேன். எங்க பக்கத்துல அந்தச் சாமி முன்னால யாரும் பொய்ச் சத்தியம் பண்ண மாட்டாங்க. அவ அசரல. "வர்றேன். நான் எழுதினது எல்லாம் அவங்க வாயால சொன்னதுதான்"னா. அப்புறம் அழ ஆரம்பிச்சா. தெலுங்கு வகுப்பு பெருசானா ரெண்டாவது வாத்தியார் போடுவாங்களாம், அந்த எடத்துக்குப் புருஷனை மாத்திக்கினு வரலாமாம். கல்யாணமாகி ரெண்டு வருஷத்துல நாப்பது நாள் சேந்து இருக்கலையாம். "இந்த ஊரை விட்டு எனக்குப் போக முடியாதுக்கா. இது உன் ஊர்தான்னு நீங்கதானே சொன்னீங்க"ன்னா.

"வந்து ஒக்காருன்னு சொன்னேன்டி. என்னை எழுப்பிட்டு ஒக்காருன்னா சொன்னேன்?"

அவ காபியைக் குடிச்சி முடிச்சா, டம்ளரைக் கழுவி, எடம் பாத்துக் கவுத்து வெச்சிட்டு அவ அறைக்குப் போனா. எனக்கு அது தாங்கல. நேரா அத்தைகிட்டப் போய், "நாளைக்கே அவ வீட்டைக் காலி பண்ணணும்"னேன். அத்தை கடலை உரிச்சிக்கினு இருந்தாங்க. நிமிரவே இல்ல. "வந்தவளைப் போன்னு சொல்ற பழக்கம் இந்த ஊட்டுல இல்லம்மா. நீயே நாலு நாள்ல போகப் போறவ, எதுக்கு அவ பொல்லாப்பு"ன்னாங்க. எங்க வீட்டுக்காரர் எழுந்து மாட்டுக்குத் தண்ணி காட்டப் போயிட்டாரு.

நான் போனேன். மகளைக் கூட்டிக்கினு திருத்தணிப் பக்கம் ஒரு கிராமத்துல தமிழ் வகுப்புல சேந்தேன். ஒரு அறை எடுத்துக்கினு ரெண்டு பேரும் இருந்தோம். எல்லைக்கோடு கடைசியா விழுந்தப்ப அந்த ஊர் மெட்ராஸ் பக்கம் போச்சு, எங்க வீடு ஆந்திராவுல நின்னுது. அது பின்னால நடந்த கதை. அவளை விடுங்க, அவ யாரோ. என் வீடும் என் தெருவும் எனக்குப் பண்ணினதைத்தான் நான் இன்னிக்கி வரைக்கும் மன்னிக்கல.

சேந்த பிறகு முதல் சனிக்கிழமை, பஸ் பிடிச்சி, மெயின் ரோட்டுல எறங்கி, மகளை நடக்க வெச்சி மத்தியானம் வீட்டுக்கு வந்தேன். கூடத்துல கடலை மூட்டை இல்ல, சுத்தமாக் கழுவி விட்டிருந்தாங்க. எங்க வீட்டுக்காரர் பக்கத்துல புதுசா ஒரு ஆள் இலை போட்டுச் சாப்பிட்டுக்கினு இருந்தாரு. அவ புருஷன். அவருக்கு மாறுதல் வந்துடுச்சாம். அவ பரிமாறிக்கினு இருந்தா. அத்தை எதிர்ல ஒக்காந்து, நெய் ஊத்திக்கோப்பான்னு தெலுங்குல உபசாரம் பண்ணிக்கினு இருந்தாங்க. எங்க வீட்டுக்காரர் ஏதோ வேடிக்கை சொல்ல, எல்லாரும் சிரிச்சாங்க. நான் வாசல்ல செருப்பை விட்டுட்டு, எங்க பையை வெக்கறதுன்னு தெரியாம நின்னேன்.

அத்தைதான் முதல்ல பாத்தாங்க. மொகமெல்லாம் சிரிப்பா, அந்த ஆளுக்குக் காட்டின அதே மரியாதையோட, கையை நீட்டி ஓரத்துல இருந்த மணையைக் காட்டினாங்க. "ராம்மா, கூர்ச்சோ"ன்னாங்க. வாம்மா, ஒக்காருன்னு.

பதினோரு வருஷம் அந்த வீட்டுல இருந்தேன், ஒரு நாளும் என்னை யாரும் ஒக்காருன்னு சொன்னதில்ல. வீட்டுக்காரிக்கு யாரு சொல்லுவாங்க? நான் போய் அந்த ஓரத்துல ஒக்காந்தேன்.